தலைகீழாகக் கட்டிய கொடி

மொன்றியல்
12.06.2004

அன்புள்ள ஈஸ்வரி அக்காவுக்கு,

தங்கை அஜந்தா எழுதிக்கொள்வது. நான் உயிரோடு இருக்கிறேன். லண்டனில் நீங்களும் பிள்ளைகளும் சுகமாக இருக்க வேண்டுமென்று வேண்டிக்கொள்கிறேன்.

றோசாவின் விலாசத்துக்கு நீங்கள் போட்ட கடிதம் நேற்றுக் கிடைத்தது. றோசா எங்கள் கொடித் தொழிற்சாலையின் மேற்பார்வைக்காரி, போர்த்துக்கல் மனுசி. எங்கள் தெருவில் எதிர்வரிசையில் இருக்கிறாள். புருசன்மேல் உள்ள வழக்கில் சாட்சி சொல்லாதே என்று எழுதியிருக்கிறீர்கள். இரவி தொலைபேசியில் அழுதாராம். நான் ஒரு கொடியைக் கட்டி மானத்தை வாங்கிவிட்டேன் என்றாராம். பாதிக் கதைதான் சொல்லியிருக்கிறார், மீதியை நான் சொல்கிறேன்.

அது பிரித்தானியக் கொடி. அப்பு பள்ளிக்கூடம் போன காலத்தில் யாழ்ப்பாணத்து அரசாங்கக் கச்சேரிக் கட்டடத்தில் பறந்ததுதான். ஏப்ரலில் பழைய இராணுவத்தினரின் மண்டபம் ஒன்றுக்கு நாற்பது தைத்தோம். எந்தப் பக்கம் திருப்பினாலும் ஒன்றுதானே என்று நினைத்து, நான் முப்பதில் மேல்கயிற்றைக் கீழ்முனையில் வைத்துத் தைத்துவிட்டேன். றோசா தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு ஒன்றை மேசையில் விரித்து விளக்கினாள். நீலத்தில் உள்ள வெள்ளைச் சாய்சிலுவை ஸ்கொட்லாந்து. மெல்லிய சிவப்புச் சாய்சிலுவை அயர்லாந்து. இரண்டையும் மிதித்துக்கொண்டு நடுவில் நிற்பது இங்கிலாந்து. ஒரே ராசா இரண்டு நாட்டையும் ஆண்டதில் முதலில் சேர்ந்தது ஸ்கொட்லாந்து. அயர்லாந்தைச் சேர்த்தது இருநூறு வருடம் கழித்து. அதனால் கம்பத்தோர மேல்மூலையில் ஸ்கொட்லாந்தின் அகல வெள்ளைதான் மேலே இருக்க வேண்டுமாம். வேல்ஸ் என்ற நாடும் அதே குடும்பம்தான், ஆனால் கொடியில் அதற்கு ஒரு நூல்கூட இல்லை. அதைக் கேட்டதும் எனக்கு என் நினைவு வந்தது.

ஒடுங்கிய வெள்ளை மேலே வந்தால் கொடி தலைகீழ். கப்பல் தாழும்போது மாலுமிகள் வேண்டுமென்றே அப்படிக் கட்டுவார்களாம், காப்பாற்றுங்கள் என்று அர்த்தமாம். பிழையானதில் ஒன்றை மேசைவிரிப்புக்கென்று கேட்டு வாங்கி வந்தேன்.

மே 23, ஞாயிற்றுக்கிழமை. றோசாவோடு தெருவில் நின்று சிரித்துவிட்டு மேலே வந்தேன். ஆரைப் பாத்துப் பல்லைக் காட்டினனீ என்று கேட்டு, இரவி இறைச்சி வெட்டும் பலகையால் என் தாடையில் அடித்தான். இனி எனக்கு 'அவர்' என்று எழுத வரவில்லை, மன்னியுங்கள். இரண்டு பல் குசினித் தொட்டியில் விழுந்தன. அவன் தண்ணீரைத் திறந்துவிட்டான். மறுநாள் காலை தொலைபேசி வயரை அறுத்து, கதவை வெளியே பூட்டிக்கொண்டு டவுன்டவுனுக்குச் சமையல் வேலைக்குப் போனான்.

கூப்பிட்டிருக்கலாமே என்று கேட்பீர்கள். தாடை வீங்கி வாய் திறக்கவில்லை. மூன்றாம் மாடி பல்கனியில் கொடியை, ஒடுங்கிய வெள்ளை மேலே வரும்படி கட்டினேன். றோசா கண்டால் போதும், அவளுக்கு விளங்கும்.

றோசா விடுமுறைக்கு மகள் வீட்டுக்குப் போயிருந்தாள், அது எனக்கு அப்போது தெரியாது. அன்று இங்கிலீசுக்காரருக்கு ராணியின் விடுமுறை. இங்குள்ள பிரெஞ்சுக்காரருக்கோ, பிரித்தானியரை எதிர்த்துத் தூக்கில் தொங்கியவர்களை நினைக்கும் நாள். எனக்கென்ன தெரியும்! ஏழெட்டு இளைஞர் கீழே கூடினார்கள். முதலில் கத்தல், பிறகு போத்தல், பிறகு கல். கண்ணாடி உடைந்து தலைமயிருக்குள் கொட்டியது. ஒரு கல் தோளில் பட்டது. நான் கொடியைக் கழற்றவில்லை அக்கா. கழற்றினால் றோசா எதைப் பார்ப்பாள்?

அவன் அன்று நேரத்தோடு வந்துவிட்டான். கொடியைப் பிடுங்கி என் கழுத்தில் சுற்றி இறுக்கினான். கண் இருட்டியது. அந்த நேரம் இன்னொரு கல் உள்ளே விழுந்து அவனுடைய காலில் பட்டது. என்னை விட்டுவிட்டு, ஆத்திரத்தில் அவனே கைத்தொலைபேசியில் பொலிசைக் கூப்பிட்டான். அவர்கள் வருமுன் என்னிடம், கல்லுப் பட்டது எண்டு சொல்லு, வேறை ஒண்டும் கதைக்கக் கூடாது என்றான்.

வந்த பொலிஸ்காரி கண்ணாடியைப் பார்க்கவில்லை, என் வாயைப் பார்த்தாள். ஜன்னல் உடைந்து ஒரு மணித்தியாலம் ஆகவில்லை. என் சட்டையில் இருந்த இரத்தமோ காய்ந்து கறுத்திருந்தது. கல்லா என்று கேட்டாள். நான் இல்லையென்று தலையாட்டினேன். என் வாழ்க்கையில் அவனுக்கு முன்னால் நான் சொன்ன முதல் 'இல்லை' அதுதான்.

28ஆம் திகதி நான் சாட்சி சொல்வேன். இதில் மாற்றமில்லை. நான் இப்போது ஒளிந்திருக்கும் இடம் லவால் பக்கமா, பியர்பொன்ட்ஸ் பக்கமா என்றுகூட எழுதமாட்டேன். உங்களை நம்பாமல் இல்லை. அத்தான் உங்கள் கடிதங்களைப் பிரிப்பவர் என்று எனக்குத் தெரியும். அதனால்தான் இதை நீங்கள் வேலை செய்யும் கடை விலாசத்துக்குப் போடுகிறேன்.

'நான் பதினாறு வருசம் சமாளிக்கேல்லையோ' என்று நீங்கள் எழுதியிருந்தீர்கள். அந்த வரியைப் பலமுறை வாசித்துவிட்டேன். போன ஆடியில் அனுப்பிய படத்தில், எல்லாரும் வெயிலுக்குக் கையில்லாத சட்டை போட்டிருக்க, நீங்கள் மட்டும் மணிக்கட்டுவரை மூடியிருந்தீர்கள். அன்றே கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் விட்டது என் பிழை.

இத்துடன் அந்தக் கொடியை வைத்திருக்கிறேன். கழுவிவிட்டேன், ஓரத்தில் ஒரு கறை மட்டும் போகவில்லை. உங்கள் ஊரில் இதற்கு ஒருவரும் கல்லெறியமாட்டார்கள். கடையில் பத்திரமாக வையுங்கள். கட்டவேண்டிய நாள் வந்தால் ஒடுங்கிய வெள்ளை மேலே வர வேண்டும், மறந்துவிடாதீர்கள். அந்தத் தெருவில் அதை வாசிக்கத் தெரிந்த ஒருவராவது இருக்கட்டும். இல்லாவிட்டால் கட்டிய கொடியை ஒரு படம் எடுத்து றோசாவின் விலாசத்துக்கு அனுப்புங்கள். நான் வருவேன்.

முருகன் உங்களைக் காப்பாற்றட்டும், அதுவரை நீங்களும் உங்களைக் காப்பாற்றிக்கொள்ளுங்கள்.

உங்கள் தங்கை,
அஜந்தா