கூரையைத் திறந்துவிட்டேன்

அப்பாவுக்கு வணக்கம். முழங்கால் வலி தேவலையா? அம்மாவுக்கு இருமல் விட்டதா? எனக்கு ஒரு குறையும் இல்லை.

இங்கே கண்ணாடிக் கூடாரத்துக்குள் பட்டனைத் தட்டினால்தான் பயிருக்குத் தண்ணீர். போன வாரம் வெளியே நல்ல மழை. நாற்றுகள் நனையட்டுமே என்று என்னை மறந்து கூரையைத் திறந்துவிட்டேன். குளிரில் தக்காளி நாற்றுகளெல்லாம் துவண்டுவிட்டன.

"மழையைப் பாத்ததே இல்லையாய்யா நீ?" என்று மேஸ்திரி கத்தினார்.

"பாத்து நாளாச்சுண்ணே" என்றேன். எல்லோரும் சிரித்தார்கள்.

ஊரில் மழையில்லாமல் நம் விதையும் போய், விவசாய ஆபீசர் கொடுத்த வறட்சி தாங்கும் விதையும் கருகிவிட்டதாகத் தங்கை சொன்னாள். மூன்றாவது முறை விதைக்க வேண்டாம் அப்பா. ஊரிலிருந்து யாராவது இங்கே வந்தால் குளிருக்கு என் முழுக்கைச் சட்டையைக் கொடுத்தனுப்புங்கள். மிச்சமிருக்கும் விதைநெல்லைக் குத்திச் சோறாக்கச் சொல்லுங்கள்.

விதைநெல்லைச் சாப்பிட்டதை மட்டும் எனக்கு எழுதாதீர்கள்.

வேலைக்கு வண்டி வந்துவிட்டது.

உங்கள் மகன்