அம்மா போட்ட முதல் ஓட்டு

நடுவட்டம்,
16.5.2001

அன்பு மகள் இந்துவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் இரண்டு வேளை மழையும் மூன்று வேளைச் சோறுமாகச் சுகமாயிருக்கிறோம், மஸ்கட் வெயிலில் நீயும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க முனியாண்டி துணையிருப்பான். தேயிலை நிலைமை நீ போனபோது இருந்த மாதிரியேதான், கொழுந்துக்கு விலை இல்லை, வாரத்தில் மூன்று நாள்தான் எஸ்டேட்டில் வேலை, அதற்காக நீ ஆஸ்பத்திரியில் கூடுதல் டூட்டி பார்த்து உடம்பைக் கெடுத்துக்கொள்ளாதே, பின்பக்கம் போட்ட கிழங்கு நன்றாக வந்திருக்கிறது. நான் எழுத உட்கார்ந்தது அதற்கில்லை. உன் அம்மா போன வியாழக்கிழமை ஓட்டுப் போட்டுவிட்டாள்.

இதில் என்ன அதிசயம் என்பாய். எழுபத்து நாலில் நாங்கள் சிலோனிலிருந்து வந்து இறங்கியபோது நம் எஸ்டேட் லயத்து வீடுகளில் ஒருவருக்கும் ஓட்டு இல்லை, எழுபத்தேழு தேர்தலில் வேட்பாளர் ஜீப் கீழ் வளைவு வரைக்கும் வந்து திரும்பிப் போய்விட்டது, தார் ரோடும் அங்கேயேதான் நின்றது. எண்பத்து நாலில் ஆண்கள் எங்கள் பேர் மட்டும் ஏறிய பிறகுதான் ஜீப் மேலே வந்தது, மூன்று கட்சிக்காரர்களும் ஆளுக்கொரு குழாய் தருவதாகச் சொல்லி, கடைசியில் தொண்ணூற்றொன்றில் ஒரே ஒரு குழாய் வந்தது, அதற்கும் மூன்று பேரும் உரிமை கொண்டாடினார்கள். நம் தொகுதியின் சரித்திரம் அவ்வளவுதான். ஆனால் ஓட்டர் லிஸ்டுக்குப் பேர் எழுத வருகிறவர்கள் காலை பத்து மணிக்கு வருவார்கள், அந்நேரம் பெண்கள் எல்லாம் மலையில் கொழுந்து பறித்துக்கொண்டிருப்பார்கள். ஆளைப் பார்த்தால்தான் எழுதுவோம் என்பார்கள், தேயிலை ஃபாக்டரியில் நைட் ஷிப்ட் முடித்து வீட்டில் தூங்கும் என் பேர் மட்டும் ஒவ்வொரு முறையும் ஏறும். நானும் அடுத்த தடவை பார்க்கலாம் என்று விட்டுவிடுவேன், அது என் தப்புதான். இந்தத் தடவை தேயிலை விலை விழுந்து வேலை குறைந்ததால் அவள் வீட்டில் இருந்தாள். வந்தவர்களை உட்காரவைத்து, எழுதி முடிக்கும் வரை வாசலை விட்டு நகரவில்லை.

வியாழக்கிழமை விடியும் முன்னே தலைக்குக் குளித்து, நீ அனுப்பிய ஊதாச் சேலையைக் கட்டிக்கொண்டு, பக்கத்து வீட்டுத் தபித்தாளையும் இழுத்துக்கொண்டு பூத்துக்குப் போய்விட்டாள். நான் பின்னால் ஓடினேன். உள்ளே மை வைக்கிற இடத்தில் கீழ்நாட்டுச் சமவெளியிலிருந்து தேர்தல் வேலைக்கு வந்த ஒரு சார் அவள் விரலைப் பார்த்துவிட்டு, ஏற்கெனவே போட்டாயிற்று, கிளம்புங்கம்மா என்று சொல்லிவிட்டார். முந்தின நாள் வரை பறித்த கொழுந்துக் கறைதான் அது, எந்தச் சோப்புக்கும் போகாது என்று உனக்குத் தெரியும், அவருக்கு எப்படித் தெரியும்? இத்தனை வருஷம் கழித்து இப்படியா என்று ஆண்கள் வரிசையிலிருந்து நான் எட்டிப் பார்த்தேன். இவள் பதறவே இல்லை. இரண்டு கையையும் மேஜையில் விரித்து வைத்தாள்.

“மை ஒரு விரல்லதானங்க ஐயா வைப்பீங்க? எனக்குப் பத்து விரலும் கருப்பு. அப்ப நான் பத்து ஓட்டா போட்டேன்?”

பின்னால் நின்ற தபித்தாளும் மற்ற பெண்களும் கையை நீட்டிக் காட்டினார்கள், அத்தனையும் கருப்பு. அந்த சார் நல்ல மனுஷர், சிரித்துக்கொண்டே மன்னிப்புக் கேட்டார். பிறகு அந்தக் கருப்பில் மை தெரிய வேண்டுமே, இவள் விடுவாளா, நகத்திலிருந்து கணு வரைக்கும் நீளமாக ஒரு கோடு போடவைத்துவிட்டுத்தான் நகர்ந்தாள். மெஷின் கீச்சென்று சத்தம் போட்டது வெளியே வரைக்கும் கேட்டது. எனக்குக் கண் கலங்கிவிட்டது, நீ சிரிக்காதே.

ஞாயிற்றுக்கிழமை எண்ணினார்கள், நான் போட்ட ஆள் தோற்றுப்போனான். அம்மா யாருக்குப் போட்டாள் என்று கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டேன். சாம்பார் தாளித்துக்கொண்டே, அது என் ஓட்டுங்க என்கிறாள், அதோடு சரி. இத்தனை வருஷத்தில் எனக்குத் தெரியாமல் அவளிடம் ஒன்று இருப்பது இதுதான் முதல் தடவை, எனக்கு அவ்வளவு பெருமையாயிருக்கிறது இந்து.

வெயிலில் தலையை மூடிக்கொண்டு போ, நேரத்துக்குச் சாப்பிடு, நீடூழி நல்லாயிரு. ஒன்று மட்டும் ஞாபகம் வைத்துக்கொள், போனில் பேசும்போது நீயாவது அவளிடம் கேட்டுப்பார். சொன்னால் என்னிடம் சொல்லாதே.

ஆசீர்வாதத்துடன்,
உன் அப்பா அழகையா