கட்டுப்போட்ட கையின் கைநாட்டு

இன்று காலை ஸ்டாம்ப் பேடில் புது மை ஊற்றினேன். அந்த வாடை மூக்கில் ஏறியதுமே நீ வந்து எதிர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாய். செத்த பிறகாவது கோர்ட் பக்கம் வராமல் இருக்கக் கூடாதா?

நான் நோட்டரி ஆகிவிட்டேன். சிரிக்காதே. நீ கேஸ் போட்டுக் காலியாக்கிய அதே இடம்தான். இந்தத் தடவை விளம்பரம் கொடுத்து, ஆட்சேபணை கேட்டு, முறைப்படி போட்டார்கள். நீ வாங்கிய தீர்ப்பால் ஊருக்கு விளைந்த ஒரே பலன் நான் என்றால், அது கொஞ்சம் கேவலம்தான்.

எம். புதுப்பட்டிப் பக்கம் பட்டாசுக் கம்பெனியில் மருந்து அறை வெடித்ததே, அந்தச் சித்திரை மாதத்தை மறக்க முடியுமா? பஞ்சவர்ணத்தின் புருஷன் அங்கேயே கரிந்துபோனான். பக்கத்து அறையில் சரவெடி பின்னிக்கொண்டிருந்த அவளை, இரண்டு கையும் வெந்து மதுரை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனார்கள். அவளுக்கு வக்கீலாக நீ இழப்பீடு கேட்டு மனுப் போட்டாய், கூட்டாளி வக்கீலாக நானும் உன்கூட நின்றேன். கம்பெனித் தரப்பு ஒரு பத்திரத்தை நீட்டியது. என் புருஷன் இந்தக் கம்பெனி ஆள் இல்லை, எனக்கு ஒரு பாத்தியமும் இல்லை என்று அவளே சொன்னதாக எழுத்து. கீழே அவளுடைய பெருவிரல் கைநாட்டு. அதற்குமேல், ‘என் முன்னிலையில் வைத்தது’ என்று ஒரு நோட்டரியின் முத்திரை. தேதியைப் பார்த்தால், முழங்கை வரை கட்டுப்போட்டு அவள் வார்டில் கிடந்த நாள்.

எவன் விரலோ அது. ஆஸ்பத்திரிச் சீட்டைக் காட்டினோம். கட்டைப் பிரித்து மருந்து போடும்போது வாங்கியிருப்போம் என்று கூசாமல் சொன்னார்கள். அரசாங்கமே நியமித்த நோட்டரி, அவர் முத்திரையை நான் எப்படிச் சந்தேகப்படுவது என்று இழப்பீட்டை விசாரித்த அதிகாரி கையை விரித்தார். அன்று வாசலில் டீயைக் குடித்துக்கொண்டே நீ சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

“பத்திரத்தத் தொட முடியலன்னா, முத்திர குத்துன கையத் தொடுவோம்லே.”

தோண்ட ஆரம்பித்தாய். அந்த நோட்டரி ஓர் அரசியல் கட்சிப் பிரமுகரின் மச்சினன். வக்கீலாகத் தொழில் பார்த்த வருஷங்களே போதாது. விளம்பரமும் இல்லை, ஆட்சேபணை கேட்கவும் இல்லை. இந்த நியமனம் செல்லாது என்று மதுரையில் ஐகோர்ட் கிளைக்கு ரிட் மனுவோடு போனாய். அந்தச் சீசனில் உன் அப்பாவின் அச்சகத்துக்குப் பட்டாசு லேபிள் ஆர்டர் ஒன்றுகூட வரவில்லை. எவளோ ஒரு கூலிக்காரிக்காகக் குடும்பத்தை நடுத்தெருவில் நிறுத்துகிறாயா என்று அவர் கேட்டபோது, நீ தலையைக் குனிந்து சாப்பிட்டு எழுந்தாய். உன் ஆட்களைச் சொல்லி என்ன? எங்கள் தெருவில் எனக்குச் சொந்தக்காரர்களே அவளுக்குச் சாட்சி சொல்ல வரவில்லை. அடுத்த சீசனுக்கு அதே கம்பெனி வாசலில்தானே போய் நிற்க வேண்டும். கோபம் வந்தது எனக்கு. யார் மேல் கோபப்படுவது என்றுதான் தெரியவில்லை.

ஜெயித்தாய். நியமனம் ரத்து. மதுரையில் சாப்பாட்டுக் கடையில் இலை போட்டாயிற்று, சோறும் விழுந்தாயிற்று. அப்போதுதான் நீ தீர்ப்பின் கடைசிப் பக்கத்தைப் படித்தாய். நியமனம் செல்லாது என்பதாலேயே அவர் ஏற்கெனவே முத்திரையிட்ட பத்திரங்கள் செல்லாமல் போய்விடாது. கைநாட்டு யாருடையது என்பதைக் கீழே, அந்த இழப்பீட்டு அதிகாரிதான் விசாரிக்க வேண்டும்.

“திருடனப் பிடிச்சாச்சு, களவு போனது போனதுதான்ங்காக” என்றாய். தீர்ப்பை மடித்துப் பையில் வைத்துவிட்டு, “இல்லைன்னா ஊர்ப்பட்ட பேரு பத்திரம் கெட்டுரும்ல, அதுவும் ஞாயந்தான்” என்று நீயே சொல்லிக்கொண்டு இலையை மூடினாய். ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை.

அப்புறம் ஒரே வழிதான் இருந்தது. அந்தக் கைநாட்டு என்னுடையது இல்லை என்று பஞ்சவர்ணமே சத்தியம் செய்ய வேண்டும். அதற்கும் கைநாட்டு கேட்டார்கள், பாவிகள். அவளுக்கு எழுதத் தெரியாது. விரல்கள் ஒட்டிச் சுருங்கி, பெருவிரல் வழவழப்பாகிவிட்டிருந்தது. மையில் தோய்த்து வைத்தால் வெறும் கறுப்புத் திட்டுதான் விழுந்தது. சிவகாசியில் நாம் போய்க் கேட்ட நோட்டரி எவரும் அந்தக் காகிதத்தைத் தொடவில்லை. கடைசியில் அவளைக் கூட்டிக்கொண்டு காரியாபட்டிக்குப் பஸ் ஏறினோம். அங்கிருந்த நோட்டரி வயதானவர். முழுக்க வாசித்துக் காட்டி, சம்மதம்தானா என்று அவளிடமே கேட்டார்.

“கல்யாணத்துக்கு முந்தியிருந்தே எம் புருசன் அங்கனதான் வேல பாத்தாரு. அத இல்லைன்னு நான் சொல்லுவனாய்யா?”

கை இல்லையென்றால் கால் பெருவிரல் ரேகை வைக்கலாம் என்றார் அவர். நீ சட்டென்று தரையில் உட்கார்ந்து அவள் காலைப் பிடித்தாய். அவள் பதறிப்போய் உள்ளே இழுத்துக்கொண்டாள். முதலாளி வீட்டுப் பிள்ளை தன் காலைத் தொடுவதை அவள் எங்கே பார்த்திருக்கிறாள்? நான் பிடிக்கிறேன் என்று குனிந்தேன்.

“நீ பேப்பரப் பிடிலே” என்றாய்.

ரேகை சுத்தமாக விழுந்தது. பிறகு பையிலிருந்து தேங்காய் எண்ணெயும் பழைய வேட்டித் துணியும் எடுத்து அவள் விரலைத் துடைத்துவிட்டாய். கைநாட்டு வைக்கிற எல்லோருக்கும் நீ செய்வதுதான் அது. மையோடு வீட்டுக்குப் போனால் சோற்றில் கை வைக்கும்போதெல்லாம் அதே நினைப்பு வரும் என்பாய். காலுக்கும் அதையே செய்தாய். அவள் சுவரைப் பார்த்துக்கொண்டு அழுதாள்.

காரியாபட்டி போய்வந்த வருஷம் ஆடியிலேயே நீ போய்விட்டாய். மாரடைப்பு, பஸ்ஸிலேயே. விசாரணையை நான் நடத்தினேன். கால்ரேகை வாக்குமூலத்தை ஏற்று, அவளுக்குச் சாதகமாக உத்தரவும் வந்தது. ஆனால் அதற்குள் கம்பெனிப் பலகையில் வேறு பெயர், லைசென்ஸ் வேறு ஆள் பெயரில். உத்தரவு இன்னும் ஆள் தேடிக்கொண்டு அலைகிறது. பஞ்சவர்ணம் ஆனைக்குட்டத்தில் தங்கச்சி வீட்டில் ஒண்டியிருக்கிறாள். அந்த ஐயா இருந்திருந்தா என்று என்னைப் பார்க்கும்போதெல்லாம் சொல்கிறாள். நீ இருந்திருந்தாலும் இதுதான் நடந்திருக்கும். அதை அவளிடம் நான் சொல்வதில்லை.

நேற்று ஒரு கம்பெனிக் கணக்குப்பிள்ளை வந்தார். போன வாரம் இன்னொரு இடத்தில் வெடித்திருந்தது. கையில் பத்திரம், அதில் ஒரு பெண்ணின் பெயர், கைநாட்டு முன்பே வைத்தாயிற்று. ஆள் ஆஸ்பத்திரியில் இருக்கிறது, சீல் மட்டும் போதும் என்றார். ஆளைப் பார்க்காமல் வைக்கமாட்டேன் என்றேன். கோபப்படவே இல்லை, மரியாதையாகக் காகிதத்தை மடித்துக்கொண்டு தெருவைத் தாண்டி எதிர் மாடியில் இருக்கும் இன்னொரு நோட்டரியிடம் ஏறினார். நான் பார்த்துக்கொண்டேதான் இருந்தேன்.

இன்று காலை அந்தப் பெண்ணின் தம்பி வந்தான். அக்கா எதிலும் ரேகை வைக்கவில்லை, அதைச் சத்தியமாக எழுதி வாங்க வர முடியுமா என்று கேட்டான். அதற்காகத்தான் மை ஊற்றினேன். பையில் தேங்காய் எண்ணெயும் துணியும் எடுத்து வைத்துவிட்டேன். கை எப்படி இருக்கிறது என்று கேட்டேன். ரெண்டு கையிலும் கட்டு என்றான்.

கால் எப்படி இருக்கிறது என்று கேட்டேன். எதற்குக் கேட்கிறேன் என்று தெரியாமல் என் முகத்தையே பார்த்தான்.

“காலுக்கு ஒண்ணுமில்லண்ணே” என்றான்.