பச்சை வயர்

ஆண்டனிராஜ் மச்சானுக்கு,

ரூபி அக்கா வலிப்பு வந்து சாகவில்லை. நீங்கள் அறுத்துவிட்ட வயரால்தான் செத்தாள்.

நலம் விசாரித்துவிட்டு இதைச் சொல்லியிருக்கலாம். அக்கா பெயரை எடுத்தாலே போனை வைத்துவிடுகிறீர்கள். அதனால்தான் மஸ்கட்டுக்குக் கடிதம். அத்தைக்கு முழங்கால் வலி தேவலை. அம்மா வழக்கம்போல் பூ மார்க்கெட்டுக்குப் போய் வருகிறார்.

நீங்கள் கொடுத்தனுப்பிய சிப்புகள் வந்தன. கொடைரோட்டு ரிசார்ட்காரர் விலைக்குக் கேட்கிறார் என்று சொன்னதால், அத்தை வீட்டுக் கொட்டகையில் கிடந்த, நீங்களும் அக்காவும் வேலை பார்த்த வீடியோ கேம்ஸ் கடையின் பழைய பெட்டியைத் திறந்தேன். தோசைக்கல் அகல லேசர் டிஸ்க்கில் கீறல்கூட இல்லை. பழைய சிப்புகளைப் பிடுங்கிப் புதியதைச் சொருகினேன். நீங்கள் சொன்னது சரிதான். டிஸ்க்கில் இத்தனை காலமாக இருந்தும் பழைய சிப் காட்டாமல் தாண்டிப் போன, ஆட்டத்தின் அறைகளெல்லாம் இப்போது வருகின்றன. கூடவே ஒரு சோதனைத் திரையும் இருக்கிறது. ஜாய்ஸ்டிக் குச்சியை எந்தப் பக்கம் தள்ளினாலும், கத்தி வீசும் பட்டனை அழுத்தினாலும் அதன் பெயர் அதில் ஒளிரும்.

குச்சியை யாரும் தொடவில்லை. ஆனாலும் இடது என்று ஒளிர்ந்தது. மறுபடி இடது. மேலே. கத்தி.

நல்ல உச்சிவெயில். கொட்டகையில் நான் மட்டும்தான் இருந்தேன். எங்கோ கரண்ட் கசிகிறது என்று நினைத்துக் குச்சியின் இரும்புத் தகட்டில் டெஸ்டரை வைத்தேன். எரிந்தது. பின்பலகையைக் கழற்றினேன். எர்த் கொடுக்கும் பச்சை வயர் பாதியில் அறுந்து, டேப் சுற்றிக் கிடந்தது. டேப்பின் நுனி மடித்து ஒட்டியிருந்தது. "பின்னாடி உரிக்க லேசா இருக்கும்டா" என்று எனக்குச் சொன்னவர் நீங்கள்தான். அப்படி ஒட்டுகிற வேறு ஆளை நான் பார்த்ததில்லை.

எர்த் இருந்தால் கசிவுக்குப் பிரேக்கர் விழும், கடை இருளும், முதலாளி கத்துவார். அதனால் அறுத்தீர்கள். விளையாட வந்தவர்கள் ஷூவோடு வந்தார்கள், பிழைத்தார்கள். "வேலைக்காரவங்க செருப்பை வாசல்ல விடணும், தரை அழுக்காகும்" என்பது முதலாளியின் சட்டம். அந்தத் தரையைத் தினமும் துடைத்தவளே அக்காதான். துடைத்த ஈரத்தில் வெறுங்காலோடு நின்று, பெட்டி ஓடுகிறதா என்று ஒரு ஆட்டம் ஆடிப் பார்ப்பாள். அன்றைக்கும் அப்படித்தான் நின்றிருக்கிறாள்.

முதலாளி அவள் கையில் சாவிக்கொத்தைத் திணித்து, வலிப்பு என்றார். அம்மா ஓடி வந்தபோது சாவியைத்தான் பார்த்தார். அதற்கடியில் கருகியிருந்த உள்ளங்கையை அவர் பார்க்கவில்லை. நான் பார்த்தேன், அப்போது எனக்கு விளங்கவில்லை. ஆஸ்பத்திரியில் கேட்டபோது, "ஆமா, அவளுக்கு அப்பப்ப வரும்" என்றவர் நீங்கள். அவளுக்குப் பரிசம் போட்டிருந்த நீங்கள்.

அந்த ஒரு சொல் இன்று ஜெஸ்ஸியின் கழுத்தில் கிடக்கிறது. போன வாரம் தாடிக்கொம்பிலிருந்து பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா காப்பியைக் குடித்து முடித்துவிட்டுத்தான் சொன்னார்: "பொண்ணு லட்சணமாத்தான் இருக்கு. அக்காளுக்கு வந்தது தங்கச்சிக்கு வராதுன்னு யாரு கண்டா?" அவர்கள் போன பிறகு ஜெஸ்ஸி சிரித்தாள். "ஏலே இஞ்ஞாசி, அடுத்த தடவை காப்பித் தட்டோட ஒரு சாவிக்கொத்தையும் கொண்டு போறேன். அவுகளுக்குச் சோலி மிச்சம்" என்றாள். பிறகு பாத்திரம் விளக்கப் போனவள் வெகுநேரம் வரவில்லை.

நீங்கள் வந்து உண்மையைச் சொல்ல வேண்டும்.

இஞ்ஞாசி

~

மச்சானுக்கு,

கடிதம் கிடைத்ததாக அத்தையிடம் சொன்னீர்களாம். 

கசிவைச் சரி செய்துவிட்டேன். பச்சை வயரை இணைத்துவிட்டேன். இப்போது டெஸ்டர் எரிவதில்லை. குச்சிக்குப் போகும் வயர்களையும் மொத்தமாகப் பிடுங்கிவிட்டேன். இடது, இடது, மேலே, கத்தி. இன்னும் வருகிறது.

எனக்குப் பேய் பிசாசில் நம்பிக்கை கிடையாது. பார்த்ததை மட்டும் எழுதுகிறேன். பழைய அறைகளில் ஆட்டத்தின் கத்தி வீரன் ஒரு அடிகூடத் தப்பாமல் போகிறான். புது சிப் காட்டும் அறை வந்ததும் அசையாமல் நிற்கிறான். தீ வந்து அவனை எரிக்கிறது. ஆட்டம் மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறது. சோறு கொண்டுவந்த ஜெஸ்ஸி இதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். "இது அக்கா ஆட்டம்டா. இந்த ரூமை அவ பாத்ததே இல்லைல்ல?" என்றாள்.

நான் பிளக்கைப் பிடுங்கினேன். அவள் தன் செருப்பைக் கழற்றி, பெட்டியின் முன்னால் ஜோடியாக வைத்தாள். "போட்டுக்க" என்றாள். என்னிடம் சொல்லவில்லை. கொட்டகையைப் பூட்டிவிட்டு வெறுங்காலோடு வீட்டுக்கு வந்தாள்.

காலையில் நான்தான் திறந்தேன். செருப்பின் உள்பக்கம் ஈரமாக இருந்தது, தரை துடைத்த கால் பட்டதுபோல. திண்டுக்கல்லில் மழை பெய்து மாதக்கணக்காகிறது.

பெட்டியை ரிசார்ட்டுக்குக் கொடுக்க மாட்டேன். டேப்பின் நுனியை மடித்தது நீங்கள். திரும்ப இணைக்க வேண்டும் என்று நினைத்துத்தானே மடித்தீர்கள்? பத்து வருடம் கழித்து என் கையில் சிப்பைக் கொடுத்துத் திறக்கச் சொன்னதும் அதற்காகத்தானா?

தாடிக்கொம்புக்காரர்கள் இன்னும் முழுதாக மறுக்கவில்லை. வாருங்கள். அவர்கள் முன்னால், அம்மா முன்னால், ரூபிக்கு வலிப்பு இருந்ததே இல்லை என்று உங்கள் வாயால் சொல்லுங்கள். மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்.

உங்களுக்குப் பெண் குழந்தை பிறந்திருப்பதாக அத்தை சொன்னார். மாதா காக்கட்டும். அவள் நடக்கப் பழகும்போது காலில் எப்போதும் செருப்பு இருக்கட்டும்.

எப்போது வருகிறீர்கள்?

இஞ்ஞாசி