அப்பாவின் இடத்தில் என் பெயர்

மார்ச் 4, செவ்வாய்

அலுவலகத்தில் இருந்தபோது டென்சில் அண்ணன் போன் செய்தார். "அப்பா பேர எடுத்துட்டு நம்ம ரெண்டு பேரையும் கேஸ்ல போட்டுட்டாங்க." அப்பா இறந்து மூன்று மாதம்கூட ஆகவில்லை. அவர் பெங்களூரில் போட்ட வழக்குக்கு இனி நானும் வாதி. போன மாதம் அண்ணன் நீட்டிய தாளில் படிக்காமல் கையெழுத்துப் போட்டேனே, அது இதற்குத்தான்.

வழக்கில் எதிர்ப்பக்கம் சரோஜம்மா ஆன்ட்டி. எங்கள் வீட்டின் பின்பாதியில், ஒரு சுவருக்கு அந்தப் பக்கம், இருபது வருடமாக இருப்பவர்.

மார்ச் 11

பெங்களூர் போகும் காலை ரயிலுக்கு எங்கள் ஊர் சாம்பியன் ஸ்டேஷனில் ஆன்ட்டியும் நின்றார். கோர்ட்டுக்கு. முழங்கால் வீங்கியிருந்தது. நான் வேலைக்குத்தான் போகிறேன் — இருந்தும் திருடியைப் போல வேறு பெட்டிக்கு ஓடி ஏறினேன்.

மார்ச் 16, ஞாயிறு

அண்ணன் வந்தார். வழக்கு எதைப் பற்றி என்று இப்போதுதான் தெரிகிறது.

அப்பாவும் ஆன்ட்டியின் மறைந்த கணவர் வாசுவும் சேர்ந்து வாங்கிய மனை இது. பத்திரம் அப்பா பெயரில். பாதி வாசுவுக்குச் சொந்தம் என்று அப்பா ஒரு தாள் கொடுத்திருந்தார். அது போலி, ஆன்ட்டி காலி செய்ய வேண்டும் என்பதுதான் வழக்கு.

"அது உன் எழுத்து இல்லன்னு நீ சொல்லணும்."

என் எழுத்துதான். பத்தாவது படிக்கும்போது அப்பா சொல்லச் சொல்ல நான் எழுதினேன். அவர் கீழே கையெழுத்து வைத்தார். கடைசி வருடம் பெங்களூரில் அண்ணன் வீட்டில் படுத்துக் கிடந்த அப்பாவுக்கு, வழக்குப் போட எதில் கையெழுத்து வாங்கினார்கள் என்று தெரிந்ததா?

"நான்தானே எழுதுனேன், அண்ணா."

மணிக்கட்டைப் பிடித்தார். விடவில்லை. "முன்வீடும் அப்பா பேர்லதான் கீது. நீ எங்க போவே?"

மார்ச் 17

மணிக்கட்டு வீக்கம். அலுவலகத்தில் கேட்டவர்களிடம் கதவில் இடித்துக்கொண்டேன் என்றேன்.

ஏப்ரல் 6

சர்ச்சில் எதுவும் காதில் விழவில்லை. ஒரே ஒரு வார்த்தைதானே — இல்லை என்று. சொல்லிவிட்டால் அண்ணன் விட்டுவிடுவார். சுவருக்கு அந்தப் பக்கம் ஆன்ட்டி இருமுகிறார். எங்கே போவார்? நான் எங்கே போவேன்?

ஏப்ரல் 21

வீடு இருக்கும் ஊரில்தான் வழக்கு நடக்க வேண்டும், தனக்கு அதிகாரம் இல்லை என்று பெங்களூர் கோர்ட் வழக்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டது. ரயிலில் வரும்போது போனில் செய்தி வந்தது. முடிந்தது என்று நினைத்து அழுதேவிட்டேன்.

ஒன்பது மணிக்கு அண்ணன் போன். "இனிமே நம்ம ஊர் கோர்ட்லயே போடுறோம். ஞாயித்துக்கிழமை வர்றேன். புது வக்கீலுக்குக் கையெழுத்து போடணும்."

இங்கேயா? எல்லோருக்கும் தெரிந்துவிடுமே. அவர் இந்த வீட்டிலேயே வந்து தங்குவார்.

ஏப்ரல் 24

அரை நாள் விடுப்பு போட்டு வக்கீல் பல்லவியைப் பார்த்தேன். "வழக்கு திரும்பி வந்திருக்கு. புதுசா போடறப்போ நீங்க கையெழுத்து போடலன்னா உங்கள வாதியா சேர்க்க முடியாது மேடம்."

"அப்போ நான் கேஸ்லயே இருக்க மாட்டேனா?"

"இருப்பீங்க. வாரிசாச்சே. எதிர்ப்பக்கம் போடுவாங்க, பிரதிவாதியா. முன்வீட்டுல உங்களுக்கும் பங்கு உண்டு. உங்க அண்ணன் நெனச்சாலும் உங்கள வெளிய தள்ள முடியாது."

தைரியமாகத் தலையாட்டினேன்.

ஏப்ரல் 27, ஞாயிறு

போடவில்லை.

அண்ணன் பேனாவைக் கையில் திணித்தார். கீழே வைத்தேன். மறுபடி திணித்தார். மறுபடி வைத்தேன். "அப்பா இருந்தா உன்ன இன்னா பண்ணியிருப்பாரு தெரியுமா?" என்று கத்தினார். அப்பாதான் எழுதச் சொன்னார் என்று சொல்ல வாயைத் திறந்தேன். நாற்காலியை எட்டி உதைத்துவிட்டுப் போனார். அதன் கால் உடைந்துவிட்டது.

சுவருக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை. அண்ணன் கத்தியது கேட்டிருக்கும்.

ஏப்ரல் 28

பூட்டை மாற்றினேன்.

ஜூன் 16, திங்கள்

காய்ச்சல், வீட்டில் இருந்தேன். கோர்ட் ஆள் சம்மனோடு வந்து வாசலில் நின்று இரண்டு பெயர்களையும் கூப்பிட்டார். முதல் பிரதிவாதி சரோஜம்மா. இரண்டாம் பிரதிவாதி ஷைலா, நான்.

ஆன்ட்டி சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தார். என் தாளைப் பார்த்தார், அப்புறம் என் முகத்தை. "இன்னாமா, உன்ன ஏன் இந்தப் பக்கம் போட்டுக்கீறாங்க?"

"அந்தத் தாள எழுதுனது நான்தான், ஆன்ட்டி. கோர்ட்ல அதான் சொல்லப் போறேன்."

ஆன்ட்டி வாசற்படியில் உட்கார்ந்தார். பிறகு, "டென்சில் சும்மா வுடுவானா?" என்றார்.

"வுட மாட்டாரு."

சம்மன் வாங்கியதற்குக் கோர்ட் ஆள் கையெழுத்து கேட்டார். ஒரே பேனாவில் இருவரும் போட்டோம்.

"அன்னிக்கு கோர்ட்டுக்கு எத்தினி மணிக்குப் போவணும்?"

"பதினொன்னுக்கு. ஆட்டோ சொல்றேன், சேந்தே போலாம்."