பல்லி சொல்லாத செவ்வாய்

மார்ச் 18, 2025

நான் ரிசீவர்! பத்து வருட வக்கீல் வாழ்க்கையில் இதுதான் முதல் முறை. பண்ணைப்புரத்துக்கு அடுத்த ஊரில் பொன்னழகியம்மன் கோயில். நிர்வாகம் யாருக்கு என்று மூத்த வகையறாவும் இளைய வகையறாவும் வழக்காடுகிறார்கள். ஆறு வருடமாகத் திருவிழா இல்லை. தீர்ப்பு வரும்வரை கோர்ட் சார்பில் கோயிலும் அதன் தென்னந்தோப்பும் என் பொறுப்பு. மே விடுமுறைக்குக் கோர்ட் மூடுவதற்குள் திருவிழாவை நடத்தச் சொல்லி உத்தரவு. நடத்திக் காட்டுகிறேன்.

மார்ச் 27

கோயிலா அது! ஒட்டடை, வௌவால் எச்சம், உடைந்த டியூப்லைட். ஆள் விட்டுக் கழுவி, மண்டபம் முழுக்கச் சுண்ணாம்பு அடித்தாயிற்று. மூலையில் கிடந்த மரச் சிம்ம வாகனத்தை டிராக்டரில் ஏற்றித் தோப்புக் கொட்டகைக்கு அனுப்பினேன். மண்டபம் பளிச்சென்று இருக்கிறது. பூசாரி பால்பாண்டி, "ரொம்பச் சுத்தமாயிருச்சு ரிசீவரம்மா" என்றார். பாராட்டாகத் தோன்றவில்லை. பொறாமையோ?

ஏப்ரல் 8, செவ்வாய்

திருவிழாவை அறிவித்துச் சாமி சாட்டுவதற்கு முன், செவ்வாய் சாயங்காலம் ஊரே மண்டபத்தில் பேசாமல் உட்கார வேண்டுமாம். பல்லி சொன்னால் அம்மன் சம்மதித்துவிட்டாள். சொல்லாவிட்டால் சாட்டக்கூடாது, அடுத்த செவ்வாய் மறுபடி உட்கார வேண்டும். இரண்டு வகையறாவும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். இருட்டும்வரை ஒரு சத்தமும் இல்லை.

மூத்த வகையறா நல்லகண்ணு எழுந்தார். "ஆத்தா வாயத் தொறக்கல. கோர்ட்டு என்ன செய்யும்?"

இளைய வகையறா சுருளிராஜன் விடவில்லை. "இவுக வந்து உக்காந்தா ஆத்தா எப்பிடிப் பேசுவா?"

ஏப்ரல் 15, செவ்வாய்

இன்றும் இல்லை. சாமி சாட்டி எட்டாம் நாள்தான் திருவிழா; அடுத்த செவ்வாயும் தவறினால் கோர்ட் மூடிவிடும், அவ்வளவுதான். முடியவில்லை என்று எழுதிக் கொடுக்கவா இத்தனை பாடுபட்டேன்?

ஏப்ரல் 16

காலையில் காலண்டரைத் திருப்பினேன், பின்னாலிருந்து பல்லி ஓடியது. அப்படியே நின்றுவிட்டேன். அடி மக்கே! பல்லி இருந்தால்தானே சொல்லும்? ஒரு பொந்து விடாமல் சுண்ணாம்பால் அடைத்தவள் நான்தானே!

இருந்த பல்லிகள் சிம்ம வாகனத்தோடு போயிருக்குமோ? கோர்ட்டுக்குக்கூடப் போகாமல் தோப்புக்கு வண்டியை விட்டேன். சிம்மத்தின் வயிற்றுக்கு அடியில் டார்ச் அடித்தால் — மூன்று! குண்டு குண்டாக! நான் போட்ட சத்தத்தில் தேங்காய் வெட்டுகிறவர்கள் ஓடி வந்துவிட்டார்கள்.

ஏப்ரல் 17

பல்லியைப் பிடித்து விடுவது பாவம். ஆனால் ஆத்தாளின் வாகனம் அதனிடத்துக்குத் திரும்பலாம் என்று பால்பாண்டி சொல்லிவிட்டார். டிராக்டர் வரச் சொன்னேன். நல்லகண்ணு சீறினார்: "போனப்ப டிராக்டர்ல போனதே தப்பு. தோள்லதான் வரணும்."

தோளில் தூக்குவதற்கும் முறை உண்டாம்: வலது தண்டு மூத்த வகையறாவுக்கு, இடது தண்டு இளைய வகையறாவுக்கு. ஒரு பக்கம் மட்டும் தூக்கினால் சிம்மம் நகருமா? முறைத்துக்கொண்டு நின்றார்கள். கடைசியில் சுருளிராஜன்தான் துண்டைச் சும்மாடாக மடித்தார். "ஏலே, வாங்கடா."

வரப்பில் நல்லகண்ணுக்குக் கால் இடறியது. "அண்ணே, பைய... பல்லி விழுந்துறப் போகுது!" என்று கத்தியது சுருளிராஜன். அண்ணே! ஆறு வருடம் கழித்து!

ஏப்ரல் 22, செவ்வாய்

சொல்லிவிட்டது! விளக்கு ஏற்றிக் கொஞ்ச நேரத்தில், தெளிவாக, இரண்டு தடவை. குலவை காதைப் பிளந்தது. நானும் போட்டேன். ரிசீவர் குலவை போடக்கூடாது என்று சட்டத்தில் எங்கும் இல்லை.

ஏப்ரல் 30

திருவிழா முடிந்தது. எனக்குத் தொண்டை போயே போச்சு.

ஜூன் 9

விடுமுறை முடிந்து முதல் நாள். என் வழக்கில் புது மனு. படித்துவிட்டு மறுபடி படித்தேன். மனுதாரர்கள் நல்லகண்ணு, சுருளிராஜன். ஒரே மனுவில் இரண்டு பேரும்! கோயிலை இருவரும் சேர்ந்தே பார்த்துக்கொள்கிறார்களாம், ரிசீவரை விடுவிக்க வேண்டுமாம்.

நீதிபதி என்னைப் பார்த்தார். "ஆட்சேபணை உண்டா?"

"இல்லைங்க ஐயா." கண் கலங்கிவிட்டது, சீச்சீ.

முதல் ரிசீவர் வேலை மூன்று மாதத்தில் போய்விட்டது. வீடு வரும்வரை சிரித்துக்கொண்டே வண்டி ஓட்டினேன்.