நீ கீப்பர் இல்லை

தம்பி,

இன்று காலை பிரிண்டிங் பட்டறையிலிருந்து மூன்று மூட்டை ஜெர்சி வந்து இறங்கியது. பாலிதீன் பையைக் கிழித்ததுமே அச்சடிக்கும் ரப்பர் பேஸ்ட்டின் வாசனை மூக்கில் ஏறியது. பதினைந்து வருடமாக இந்த வாசனையோடுதான் சோறு தின்கிறேன். இன்றைக்குத்தான் முதல்முறையாக எழுந்துபோய் ஜன்னலைத் திறந்தேன். முதுகில் உன் பெயர், அதற்குக் கீழே ‘நினைவுக் கோப்பை’. நெஞ்சுப் பக்கம் உன் படம். கையில் கிளவுஸ், காலில் பேடு, பக்கத்தில் ஒரு கோப்பை. உன்னை விக்கெட் கீப்பராக அச்சடித்து வைத்திருக்கிறார்கள்.

நீ கீப்பர் இல்லை என்று பட்டறைக்காரருக்குத் தெரியாது. நம் முதலாளிக்குத் தெரியும், ஞாபகம் இருக்காது. எனக்குத் தெரியும், ஞாபகமும் இருக்கிறது. அந்தக் கிளவுஸை அன்றைக்கு உன் கையில் கொடுத்தவனே நான்தானே. யார்மேல் கோபப்படுவது என்று தெரியாமல் காலையிலிருந்து எல்லார் மேலும் எரிந்து விழுந்துகொண்டிருக்கிறேன். அதில் உனக்கும் ஒரு பங்கு உண்டு.

பெருமாநல்லூர் ரோட்டில் நம் பனியன் கம்பெனிக்கு, கட்டிங் மாஸ்டரான எனக்கு ஹெல்பராக நீ வந்து சேர்ந்தபோது உன்னிடம் ஒரு ரெக்சின் பையும் தெற்கத்திப் பேச்சும் மட்டுமே இருந்தன. கம்பெனிக்குப் பின்னால் காலியிடத்தில் சாப்பாட்டு நேரத்தில் டென்னிஸ் பந்து ஆடிக்கொண்டிருந்தோம். ஒரு ஆள் குறைந்தது. சுவரோரம் டிபன் பாக்ஸைக் கழுவிக்கொண்டிருந்த நீ, “நான் நிக்கட்டாண்ணே?” என்று கேட்டாய். போனால் போகிறது என்று பந்தைக் கொடுத்தேன். நாலே எட்டு ஓடிவந்தாய். நாக்கை வாயோரம் கடித்துக்கொண்டு இடது கையால் ஒரு பந்தை மேலே விட்டாய். அது வருகிறது வருகிறது என்று பார்த்தால் வரவே இல்லை. நான் மட்டையை வீசி முடித்து, வீசியதற்கு வெட்கப்பட்டும் முடித்த பிறகு நிதானமாக வந்து குத்தி, வெளியே திரும்பி, ஸ்டம்புக்கு வைத்திருந்த செங்கல்லைத் தட்டியது.

எங்கே கற்றாய் என்று கேட்டேன்.

“எங்கூரு தேரிக்காடுல்லா. பூரா செம்மணலு. பந்து கீழ வுழுந்தா எந்திரிக்காதுண்ணே. காத்துலயே வேலய முடிச்சாத்தான் உண்டு.”

அன்றைக்கே எனக்குத் தெரிந்துவிட்டது, நீ இந்தக் காலியிடத்துக்கான ஆள் இல்லை என்று. தெரிந்திருந்தும் உன்னை என்ன செய்தேன் பார்.

நீ கெட்டிக்காரனாக இருந்ததுதான் உனக்கு வினையாகப் போயிற்று. கம்பெனியில் ஆறே மாதத்தில் ஓவர்லாக், பேட்லாக் என்று தையல் மிஷின்கள், செக்கிங், அயர்னிங் எல்லாம் பழகிவிட்டாய். யார் லீவு போட்டாலும் “அவன் இருக்கானல்லோ, அவனப் போடு” என்பார் முதலாளி. ஒரு மிஷினிலும் ஒரு மாதம் சேர்ந்தாற்போல் உட்கார்ந்ததில்லை நீ. டீமிலும் அதே கதை. ஓப்பனருக்குக் கல்யாணம் என்றால் நீ ஓப்பனர். வேகமாகப் போடுகிறவனுக்கு முதுகுப் பிடிப்பு என்றால் புதுப் பந்து உன்னிடம். ஒரு முறை அம்பயர் வராமல், நீ பேட்டிங் இறங்கும் வரை வெள்ளைத் தொப்பி போட்டுக்கொண்டு அம்பயராகவும் நின்றாய். நம் ஆளுக்கே நீ அவுட் கொடுத்ததை நினைத்து இப்போதும் டீக்கடைப் பக்கம் சிரிக்கிறார்கள்.

எதைச் சொன்னாலும் ஒரே பதில்தான் உன்னிடம். “நான் பாத்துக்கிடுதேன்ணே.”

அந்தப் பேச்சின்மேல் எனக்கு இருக்கும் ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. ஒரு தடவையாவது முகத்தைச் சுளித்திருக்கலாம். ஒரு தடவையாவது “போண்ணே, நான் பந்து போடுறவன்” என்று கத்தியிருக்கலாம். கத்தியிருந்தால் நான் அடங்கியிருப்பேன். உன்னிடம் வேலை வாங்குவது அவ்வளவு சுலபமாக இருந்ததால்தான் வாங்கிக்கொண்டே இருந்தோம்.

டென்னிஸ் பந்திலிருந்து தோல் பந்துக்கு வந்தோம். மாவட்ட லீக்கில் கடைசி டிவிஷனில் ஆரம்பித்து, பாய் விரித்த மேட்டிங் விக்கெட்டில் முழங்கையைத் தேய்த்துத் தேய்த்து மேலே ஏறினோம். பாதி ஆட்டங்கள் உன் இடது கையால் ஜெயித்தவை. சென்னையில் பெரிய லீக்கில் ஆடும் ஒரு கிளப்புக்கு உன் பேர் எட்டியது. அவர்களுக்கு இடது கை ஸ்பின்னர் தேவைப்பட்டது. நாம் பைனல் ஆடும் ஞாயிற்றுக்கிழமை அவர்களுடைய ஆள் ஒருவர் நேரில் வந்து பார்ப்பதாகச் சொல்லி அனுப்பினார்கள். அந்த வாரம் முழுக்க நீ சாப்பிட்ட மாதிரியே தெரியவில்லை. கட்டிங் டேபிளின் அடியில் குனிந்து நூல்கண்டைச் சுழற்றிச் சுழற்றி விரலைப் பழக்கிக்கொண்டிருந்தாய்.

ஞாயிறு காலை டாஸ் போடப் போகும்போது என் செல்போன் அடித்தது. முதலாளி.

“கண்ணு, வெளிநாட்டுப் பையரோட ஆளு வந்து பனியன் லாட்ட ரிஜெக்ட் பண்ணீட்டானப்பா. பூராம் திருப்பிச் செக்கிங் பண்ணோணும். நாளைக்குக் கன்டெய்னர் ஏத்தியே ஆகோணும். அங்கிருந்து நாலு பேத்த அனுப்பி உடு.”

“மேட்ச்சுங்க...” என்றேன்.

“மேட்ச் அடுத்த வருசமும் வரும் கண்ணு.”

யாரை அனுப்புவது என்று அவர் சொல்லவில்லை. அதை முடிவு செய்தது நான். வேடிக்கை பார்க்க வந்தவர்களில் மூன்று பேரைப் பிடித்தேன். நாலாவதாக நம் கீப்பரை அனுப்பினேன். துணியைக் கையால் தடவியே ஊசி ஓட்டையைக் கண்டுபிடிக்கிறவன் அவன்தான். திருப்பூர்க்காரன் புத்தி அப்படித்தான் போகும். மைதானத்தில் நின்றுகொண்டு கம்பெனி லாட்டுக்கு ஆள் எடுத்தேன்.

அப்புறம் கிளவுஸ் கீழே கிடந்தது. மிச்சமிருந்த ஆட்களில் கீப்பிங் தெரிந்தவர்கள் இரண்டே பேர், நீயும் நானும். பள்ளிக்கூடத்தில் நான் மூன்று வருடம் கீப்பராக நின்றவன். இதை உன்னைத் தவிர நான் யாரிடமும் சொன்னதில்லை. நீயும் யாரிடமும் சொல்லவில்லை. கிளவுஸை நான் மாட்டியிருந்தால் நாலு பந்து காலுக்குள் போயிருக்கும். ஒரு கேட்ச் நழுவியிருக்கும். கோப்பை கை விட்டுப் போயிருக்கலாம். எனக்கு அந்தக் கோப்பை வேண்டியிருந்தது. முதலாளி கையால் வாங்கித் தலைக்கு மேலே தூக்கிக் காட்ட வேண்டியிருந்தது.

கிளவுஸை எடுத்து உன்னிடம் நீட்டினேன். நீ என்னைப் பார்த்தாய். பிறகு பெவிலியன் நிழலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த அந்தச் சென்னைக்காரரைப் பார்த்தாய். மறுபடியும் என்னைப் பார்த்தாய்.

“நான் பாத்துக்கிடுதேன்ணே.”

நடுவில் நாலு ஓவர் உன்னைப் போடச் சொல்லிவிட்டு நான் கிளவுஸ் மாட்டிக்கொள்ளலாம் என்று நினைக்கத்தான் செய்தேன். இன்னொரு விக்கெட் விழட்டும் என்று தள்ளினேன். விழுந்தது. இன்னும் ஒன்று விழட்டும் என்றேன். அப்படியே அவர்கள் ஆட்டம் முடிந்துபோயிற்று. நீ மூன்று கேட்ச், ஒரு ஸ்டம்பிங். பிரமாதமாக நின்றாய், பாவி.

மதிய ரயிலுக்குக் கிளம்பிய அந்த மனிதர் என்னிடம் வந்து, “கீப்பர் எங்ககிட்ட ரெண்டு பேர் இருக்காங்கப்பா. லெஃப்ட் ஆர்ம் ஸ்பின்னர்னு சொன்னீங்களே, யாரு அது?” என்று கேட்டார்.

“இவன்தாங்க சார்.”

“அப்புறம் ஏன் இவன் ஒரு பந்துகூடப் போடல?”

நான் உன் கையிலிருந்த கிளவுஸைப் பார்த்தேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, அடுத்த வருடம் பார்க்கலாம் என்று ஆட்டோவில் ஏறினார். அடுத்த வருடம் யாரும் வரவில்லை. சாயங்காலம் கிளவுஸையும் பேடையும் மறுபடி மாட்டச் சொல்லி, கோப்பையோடு உன்னைத் தனியாக நிறுத்தி எடுத்த படம்தான் இந்த ஜெர்சியில் இருப்பது. திரும்பி வரும்போது என் வண்டியின் பின்னால் உட்கார்ந்துகொண்டு, “விடுங்கண்ணே, கப்பு வந்துட்டுல்லா” என்று எனக்கே ஆறுதல் சொன்னாய். வண்டியை நிறுத்தி நீ என்னை நாலு அறை அறைந்திருக்க வேண்டும்.

இரண்டு வருடம் அப்படியே போனது. அதற்குப் பிறகுதான் நீயாகவே சென்னைக்கு ரயில் ஏறினாய். அங்கேயும் கடைசி டிவிஷனிலிருந்துதான் ஆரம்பித்தாய். பகலில் பனியன் கடையில் நின்றாய், விடிகாலையில் வலையில் பந்து போட்டாய். ஒவ்வொரு படியாக ஏறினாய். கடைசியில் ஒருநாள் பூத்திலிருந்து போன் செய்தாய். முதல் டிவிஷனில் எடுத்துவிட்டார்களாம். 

“அண்ணே, இங்க என்னயப் பந்து போட மட்டுந்தான் சொல்லுதாவ. வேற ஒண்ணும் சொல்ல மாட்டுக்காவண்ணே.”

அதைச் சொல்லும்போது நீ அழுதாய். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. செருப்பால் அடி வாங்கியது போலவும் இருந்தது.

ஆறு ஆட்டம். ஆறே ஆட்டம் ஆடினாய். ஏழாவதுக்கு முன்னால் கண் மஞ்சளாக இருக்கிறது என்றாய். உடனே ஆஸ்பத்திரிக்குப் போ என்று கத்தினேன். அங்கேயும் அந்தப் பாழாய்ப்போன பேச்சையே சொன்னாய், “மஞ்சக்காமாலதாம்ணே, நான் பாத்துக்கிடுதேன்.” இடம் போய்விடுமோ என்று பயந்து காய்ச்சலோடு வலைக்குப் போயிருக்கிறாய். பத்தே நாளில் போய்ச் சேர்ந்துவிட்டாய். அதற்கு முன்னால் இரண்டு வருடம் கையில் இருந்திருந்தால் உன் இடம் உறுதியாகியிருக்கும். ஒரு வாரம் படுத்துக்கொள்ளும் தைரியம் உனக்கு வந்திருக்கும். அந்த இரண்டு வருடத்தைத் தின்றவன் நான். இதை யார் வேண்டுமானாலும் இல்லை என்று சொல்லட்டும். நான் நம்ப மாட்டேன்.

இன்று காலை ஒரு ஜெர்சியை எடுத்துக்கொண்டு முதலாளியின் அறைக்குப் போனேன்.

“இந்தப் படம் வேண்டாமுங்க.”

“ஏங் கண்ணு? கப்போட எத்தன லட்சணமா நிக்கிறான்.”

“அவன் கீப்பர் இல்லீங்க. பவுலருங்க.”

“எல்லாந்தான பண்ணுனான்? அவனாட்ட ஒரு ஆள இன்னும் பாக்கறனப்பா, கெடைக்க மாட்டீங்குது.”

அவர் அதைப் பாராட்டாகத்தான் சொன்னார். கண்கூடக் கலங்கியது. அதுதான் எனக்கு இன்னும் எரிந்தது. “நீங்களும் நானுஞ் சேந்துதானுங்க அவன அப்படிப் பண்ணுனோம்” என்றேன். பதினைந்து வருடத்தில் அவரிடம் குரலை உயர்த்தியது இதுதான் முதல்முறை. அப்போதும் ‘ங்க’ போட்டுத்தான் உயர்த்தினேன். அவர் ஜெர்சியைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “செரி, பந்து போடற படம் ஒண்ணு கொண்டா, மாத்தச் சொல்றேன்” என்றார்.

மத்தியானம் வரை தேடினேன். பழைய ஆட்கள் எல்லாருக்கும், உன் சென்னை கிளப்புக்கும் போன் செய்தேன். நீ பேட் பிடிக்கும் படம் இருக்கிறது, பரிசு வாங்கும் படம் இருக்கிறது, அயர்ன் டேபிளில் நின்று சிரிக்கும் படம்கூட இருக்கிறது. நீ பந்து போடும் படம் ஒன்றுகூட இல்லை. அந்த நாலு எட்டும், நாக்கைக் கடித்த வாயும், கையை விட்டுப் போய் வர மறுக்கும் பந்தும் என் கண்ணுக்குள் மட்டுமே இருக்கின்றன. கண்ணிலிருந்து எடுத்து ஜெர்சியில் அடிக்க எந்தப் பட்டறைக்கும் தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை உன் பெயரில் ஆட்டம். கீப்பர் யார் என்று டீம் பையன்கள் போன வாரமே கேட்டார்கள். நான் என்றேன். நாற்பது வயதில் உங்களுக்கு ஏன் மாஸ்டர் இந்த வேலை என்று சிரித்தார்கள். மூன்று நாளாகச் சாயங்காலம் போய் நிற்கிறேன். நேற்று ஒரு பந்து கிளவுஸின் நுனியில் பட்டு வலது கை மோதிர விரல் வீங்கிவிட்டது. கத்திரியும் பிடிக்க முடியவில்லை, இந்தப் பேனாவும் சரியாக நிற்கவில்லை. எண்ணெய் போட்டு நீவிவிட வந்த என் வீட்டுக்காரியிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். அன்றைக்கே வீங்கியிருக்க வேண்டிய விரல் இது.